வண்டு பேசுவது கேட்கவில்லை

என் மனைவியின் தம்பியைப் பற்றி எழுதப் போகிறேன். எழுத்து எனக்குப் பழக்கமில்லை. நான் படித்தது நாலாம் வகுப்பு வரைக்கும்தான், மீதியை மோட்டாரிடம் படித்தேன். ஓடுகிற மோட்டாருக்குப் பக்கத்தில் நின்று காதைக் கொடுத்தால் போதும், பேரிங் தேய்ந்திருக்கிறதா, சுருள் சூடாகிறதா என்று திறக்காமலே சொல்லிவிடுவேன். எங்கள் பகுதியில் மாடித் தொட்டிகளுக்குத் தண்ணீர் ஏற்றுகிற மோட்டார்களில் பாதி என் பட்டறையில் மறுபிறவி எடுத்தவை. பெருமைக்காகச் சொல்லவில்லை என்று சிலர் எழுதுவார்கள். நான் பெருமைக்காகத்தான் சொல்கிறேன். வாடகைக்கு ஒரு மேஜை போட்டு ஆரம்பித்தவன், இன்று கீழே பட்டறை, மேலே வீடு, அதற்கும் மேலே மச்சினனுக்கு ஓர் அறை என்று கட்டி நிமிர்ந்திருக்கிறேன்.

இப்படிப்பட்ட என்னையே அந்த மேல் அறை ஒரு வாரம் முழுக்கக் குழப்பி எடுத்துவிட்டது.

மச்சினன் மொத்தக் காய்கறிச் சந்தையில் ஏலம் விடுகிறவனாக இருந்தான். தக்காளிப் பெட்டிகளின் மேல் ஏறி நின்றுகொண்டு அவன் வாய் திறந்தால் ஒரு மூச்சில் ஒரு வண்டிச் சரக்கு விற்றுப்போகும். அவன் என்ன சொன்னான் என்று கேட்டால் வாங்கினவனுக்கே தெரியாது, ஆனால் வாங்கியிருப்பான். அப்படிப்பட்ட தொண்டையில் ஒரு கட்டி வந்தது. உயிரை விட்டுவைத்துக் குரல்வளையை எடுத்துவிட்டார்கள். கழுத்தின் முன்பக்கம் மூச்சுக்கு ஒரு துளை. பேசுவதற்கு ஒரு கருவி கொடுத்தார்கள், சின்ன டார்ச் விளக்கு அளவு இருக்கும். அதைத் தாடைக்குக் கீழே வைத்து அழுத்தினால் ரீங் என்று அதிரும். உதட்டையும் நாக்கையும் அசைத்தால் அந்த ரீங்காரமே பேச்சாக வரும். ஏற்ற இறக்கம் கிடையாது. கோபமும் கொஞ்சலும் ஒரே சுருதிதான்.

முதல் ஆறு மாதம் அவன் அந்தக் கருவியைத் தொடவில்லை. பிறகு தொட்டான், வீட்டுக்குள் மட்டும். வெளியே போனால் அது சட்டைப் பையிலேயே இருக்கும். சந்தையில் வாசலில் கூடை எண்ணுகிற வேலை கொடுத்தார்கள், அதற்கு வாய் வேண்டாம். போனில் பேசினால் எதிர்முனையில் இருப்பவர்கள் ஏதோ கம்பெனி விளம்பரம் என்று நினைத்து வைத்துவிடுவார்கள். அப்படி வைக்கும்போது அவன் போனைக் காதிலிருந்து எடுக்காமல் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருப்பதை நான் பார்த்திருக்கிறேன். வீட்டில் என் மனைவியோடு சண்டை வந்தால் அவள், "ரொம்பப் பேசினே, பேட்டரியக் கழட்டிடுவேன்" என்பாள். அவன் கருவியைக் கழுத்திலிருந்து எடுத்துவிட்டு உதட்டை மட்டும் அசைப்பான். என்ன சொன்னான் என்று நாங்கள் கேட்டதில்லை, நல்ல வார்த்தையாக இருக்காது.

சந்தை முதலாளி தூக்கிப் போட இருந்த கம்ப்யூட்டர் ஒன்றை வாங்கி வந்து மேல் அறையில் வைத்தான். அதில் கேம் விளையாட ஆரம்பித்தான், ஐம்பத்தெட்டு வயதில். முதலில் கார் ஓட்டினான். பிறகு ஐந்து பேர் சேர்ந்து ஒரு கட்டடத்துக்குள் புகுந்து ஒரு பெட்டியைக் காப்பாற்றுகிற ஆட்டம். எதிர்ப்பக்கமும் ஐந்து பேர். எல்லோரும் எங்கெங்கோ அவரவர் வீட்டில் உட்கார்ந்திருக்கிறார்கள், ஒருவர் பேசுவது மற்ற நால்வருக்கும் காதில் கேட்கிறது. யார் எந்தப் பக்கம் வருகிறான் என்று ஒருவர் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். என் மச்சினன் தனக்கு 'வண்டு' என்று பெயர் வைத்துக்கொண்டான். கூட ஆடுகிறவர்களில் 'பூனை' என்று ஒரு பெண், ஆஸ்பத்திரியில் நர்ஸ். 'ஆணி' என்று ஒருவன், வெட்டிப் பேச்சுக்காரன். மற்ற இரண்டு பேர் அதிகம் வாய் திறக்காதவர்கள்.

வண்டு முதல்முறை பேசியபோது அவர்கள் யாரும் வைத்துவிட்டுப் போகவில்லை. குரலை மாற்றிக் காட்டுகிற விளையாட்டுச் சாமான் ஏதோ போட்டிருக்கிறான் என்று நினைத்துச் சிரித்தார்களாம். உண்மையைச் சொன்ன பிறகு ஆணி, "சரிண்ணே, அது இருக்கட்டும், மாடியில எத்தனை பேரு?" என்று கேட்டானாம். அன்று கீழே வந்து இதை எங்களிடம் சொன்னபோது மச்சினன் இரண்டு முறை சொன்னான், முதல் தடவை சொன்னது எங்களுக்குக் கேட்டிருந்தும்.

கருவியோடு பேசினால் வார்த்தையைச் சிக்கனமாகத்தான் பேச முடியும். அந்த ஆட்டத்துக்கு அதுதான் தேவையாம். "இடது. படி. ரெண்டு." அவ்வளவுதான். மற்றவர்கள் கதை சொல்லி முடிப்பதற்குள் சுடப்பட்டுவிடுவார்கள். ஆக, அந்தக் குழுவுக்குச் சொல்லிக்கொடுக்கிற ஆள் என் மச்சினனே ஆகிவிட்டான்.

ஆனால் ஆட்டத்துக்கு இரண்டு கையும் வேண்டும், கருவியைப் பிடிப்பது எப்படி? அங்கேதான் நான் வருகிறேன். ரப்பர் குழாய்க்குப் போடுகிற வளையம் ஒன்றை எடுத்து, பஞ்சு சுற்றி, கழுத்துப் பட்டையில் ஸ்பிரிங் வைத்துக் கருவியை நிறுத்தினேன். பழைய தையல் மிஷினின் கால் மிதியைப் பிரித்து, மிதித்தால் கருவி அதிரும்படி கம்பி கொடுத்தேன். காலால் பேசுகிற மனிதன் எங்கள் வீட்டில் மட்டும்தான் இருப்பான். எந்த இன்ஜினியரும் எனக்குச் சொல்லித் தரவில்லை.

இப்படி நன்றாகப் போய்க்கொண்டிருந்தபோது அவனுடைய ஹெட்செட்டின் கம்பி நாற்காலிச் சக்கரத்தில் சிக்கி அறுந்தது. நானே பற்றவைக்க உட்கார்ந்தேன். உள்ளே இருந்தது கம்பியே இல்லை, தலைமுடிக்குச் சாயம் அடித்த மாதிரி ஏதோ ஒன்று. சூடு பட்டதும் சுருண்டுபோனது. காது ஒன்று வேலை செய்தது, மைக் எழுந்திருக்கவேயில்லை. நான் விடுவேனா? கடைக்குப் போய், இருப்பதிலேயே உயர்ந்தது எது என்று கேட்டு வாங்கிவந்தேன். கடைக்காரர் பெட்டியைத் திருப்பித் திருப்பிக் காட்டி அதன் மகிமைகளைச் சொன்னார். கம்ப்யூட்டரில் அதற்கென்று ஒரு புரோகிராம் ஏற்ற வேண்டும் என்றார், மச்சினன் ஏற்றினான்.

அன்று மாலை ஆட்டத்தில் உட்கார்ந்தான். பேசினான். பதில் இல்லை. மறுபடி மிதித்துப் பேசினான். திரையில் எழுத்து வந்தது: அண்ணே இருக்கீங்களா?

அவனுக்கு அவர்கள் பேசுவது கேட்கிறது. அவன் பேசுவது அவர்களுக்குக் கேட்கவில்லை.

நான் மேலே போனேன். ஹெட்செட்டை வாங்கி என் தலையில் மாட்டி, "ஹலோ, மைக் டெஸ்டிங்" என்றேன். ஐயா யாரு, நல்லாக் கேக்குது என்று உடனே பதில் வந்தது. திரையில் மைக்குக்கென்று ஒரு பச்சைக் கோடு இருக்கிறது, நான் பேசியபோது அது துள்ளிக் குதித்தது. என் மனைவியைக் கூப்பிட்டுப் பேச வைத்தேன், அவளுக்கு இன்னும் உயரமாகக் குதித்தது. மச்சினன் தலையில் மாட்டி மிதித்தான். முதல் எழுத்துக்கு மட்டும் ஒரு சின்னத் துள்ளல், பிறகு கோடு அப்படியே படுத்துவிட்டது.

சரி, ஹெட்செட்டில் குற்றமில்லை, கருவியில்தான் என்று முடிவு செய்தேன். பேட்டரியை மாற்றினோம். பிறகு என் போனில் அவன் பேச்சைப் பதிவு செய்து கேட்டோம். கணீரென்று இருந்தது. கருவியிலும் குற்றமில்லை. இவரும் நிரபராதி, அவரும் நிரபராதி, ஆனால் இருவரும் சேர்ந்த இடத்தில் ஆள் செத்துக் கிடக்கிறான். இதற்கு என்ன செய்வது?

மைக்கை உதட்டுக்குப் பக்கத்தில் கொண்டுபோனோம். தொண்டைக்குப் பக்கத்தில் வைத்தோம். ஆட்டத்தை அழித்துவிட்டு மறுபடி ஏற்றினோம். இணையப் பெட்டியை அணைத்து எழுப்பினோம். ஆட்டத்தின் அமைப்புகளில் பேச்சு என்று இருந்த பக்கத்தைத் திறந்து சந்தேகப்பட்டதையெல்லாம் தள்ளிப் பார்த்தோம். ஒன்றை மாற்றியபோது அவன் பேச்சு அவனுக்கே எதிரொலித்தது என்று மகிழ்ந்தோம், பிறகு பார்த்தால் அது நான் பேசினது. வேறு சாதாரண ஹெட்செட்டை மாட்டிப் பார்க்கலாம் என்றால், அதைச் செருகுகிற வட்டத் துளை சந்தையிலேயே செத்துவிட்டது, புதியதைச் செருகியிருக்கிற தட்டைத் துளை மட்டும்தான் அந்தக் கம்ப்யூட்டரில் உயிரோடு இருக்கிறது.

கம்ப்யூட்டர் ரிப்பேர்காரரை வரவழைத்தேன். அவர் மாட்டிக்கொண்டு ஹலோ என்றார், கேட்டது. எல்லாம் சரியாக இருக்கிறதே என்றார். மச்சினன் பேசிக் காட்டினான், கோடு படுத்தது. அவர் அவனையும் பார்த்தார், கோட்டையும் பார்த்தார், கழுத்துப் பட்டையையும் மிதியையும் பார்த்தார். இந்தப் பட்டறை வேலை ஏதோ கரண்ட் கசியவிட்டு மைக்கைக் கெடுக்கிறது போலிருக்கிறது என்று இழுத்தார். என் வேலை கசியாது என்று சொல்லி வாசல்வரை கூடவே போய் வழியனுப்பினேன். ஆனாலும் மனம் கேட்கவில்லை. பட்டையைக் கழற்றி, கருவியைக் கையில் பிடித்துப் பேச வைத்தேன். அதே முதல் எழுத்துத் துள்ளல், அதே படுக்கை. பட்டை நிரபராதி என்பதில் எனக்குச் சந்தோஷம். அந்தச் சந்தோஷத்தை யாரோடும் பகிர்ந்துகொள்ள முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை அவர்களுக்கு ஒரு போட்டி இருந்தது. பல குழுக்கள் பதிந்திருந்தன. வியாழக்கிழமை ஆணி எழுதியிருந்தான். மச்சினன் கீழே வந்து போனை என் முன்னால் நீட்டினான். சனிக்கிழமை சாயங்காலத்துக்குள் குரல் வராவிட்டால் தானே சொல்லிக்கொடுக்கிறேன், அண்ணன் சும்மா கூட ஆடினால் போதும் என்று இருந்தது. மரியாதையாகத்தான் எழுதியிருந்தான். அதற்குக் கீழே என் மச்சினனின் பதில் ஒரே வார்த்தை: சரி.

பெட்டி பெட்டியாகப் பேசித் தீர்த்தவன் எழுதிய அந்தச் 'சரி' எனக்குப் பிடிக்கவில்லை.

"அவங்க சொல்றது. நியாயம். அத்தான்," என்றான். "மெஷினுக்கு வயசாயிடுச்சு. போல. எனக்கும்."

"உனக்கு ஒண்ணும் ஆகல மாப்ளே. எங்கயோ ஒரு இடத்துல லூஸ் காண்டாக்ட். நான் பாத்துக்கறேன்."

அப்படிச் சொன்னேனே தவிர எந்த இடம் என்று எனக்குச் சுத்தமாகத் தெரியவில்லை. வெள்ளிக்கிழமை பட்டறையில் ஒரு சுருளைத் தலைகீழாகச் சுற்றிவிட்டேன். என் சரித்திரத்தில் அப்படி நடந்ததில்லை. என் மனைவி அவனுக்குச் சாப்பாட்டை மேலேயே கொண்டுபோய் வைத்தாள். அவன் கருவியைக் கழுத்தில் வைக்கவேயில்லை, தலையை மட்டும் ஆட்டினான் என்று வந்து சொன்னாள். மறுபடியும் அந்த ஆறு மாதம் வந்துவிடுமோ என்று கேட்டாள். நான் அவளை அதட்டினேன். எனக்கும் அதே நினைப்புத்தான்.

சனிக்கிழமை மத்தியானம், அந்த நர்ஸ் பெண் டூட்டி முடித்து வந்ததும் கடைசியாக ஒரு முறை சோதித்துப் பார்க்கலாம் என்று எழுதினாள். மச்சினன் கட்டிலில் உட்கார்ந்துகொண்டு ஹெட்செட்டை என்னிடமே தள்ளிவிட்டான். நான் மாட்டிக்கொண்டேன். மேல் அறையில் ஒரு மின்விசிறி உண்டு. அது சுற்றினால் மாட்டு வண்டி பாலத்தில் ஏறின மாதிரி கடகடக்கும். நான் சரிசெய்யாததற்குக் காரணம், அதன் பேரிங்கில் கோளாறில்லை, கொக்கியில்தான், அது மேஸ்திரியின் வேலை. அந்தச் சத்தத்தில் பேசுவதற்கு எனக்கே கூச்சமாக இருந்தது.

"இந்த ஃபேன் சத்தத்துல நான் பேசறது புரியுதாம்மா?"

"எந்த ஃபேனு ஐயா?"

"தலைக்கு மேல ஓடுதே. இடிச்சுத் தள்ளுது."

"எனக்கு ஒரு சத்தமும் வரலியே. பஞ்சு மூட்டைக்கு நடுவுல உக்காந்து பேசற மாதிரி அவ்ளோ சுத்தமா இருக்கு."

எனக்கு ஒன்றும் புரியவில்லை. இந்தப் பெண்ணுக்குக் காதில் கோளாறோ என்று நினைத்தேன். ஆனால் வாங்கின பொருளைப் பற்றி நாலு வார்த்தை நல்லதாகச் சொல்லக் கிடைத்த சந்தர்ப்பத்தை நான் என்றைக்கும் விட்டதில்லை.

"பின்னே, இது சாதாரண மைக் இல்லம்மா. இருக்கறதுலயே ஒசந்தது, நானே போய் எடுத்தேன். ஃபேனு, மோட்டாரு, இரைச்சல் எது வந்தாலும் உள்ள விடாதாம். மனுஷக் குரலை மட்டும் பொறுக்கி எடுத்து அனுப்புமாம். கடைக்காரரே சொன்னாரு."

 இணைப்புப் போய்விட்டதோ என்று ஹலோ, ஹலோ என்றேன்.

"ஐயா," என்றாள் மெதுவாக. "வண்டு அண்ணன் பேசினா அதை என்னன்னு நினைச்சுக்கும் அது?"

நான் திரும்பி மச்சினனைப் பார்த்தேன். அவனுக்கு அவள் சொன்னது கேட்கவில்லை, ஹெட்செட்டின் காது இரண்டும் என் தலையில் இருந்தன. என்ன, என்று புருவத்தை உயர்த்தினான். பட்டறையில் எத்தனையோ பேரிடம், உங்கள் மோட்டார் பிழைக்காது என்று முகத்துக்கு நேரே சொன்னவன் நான். இவனிடம் எப்படிச் சொல்வது? நான் ஆசையாக வாங்கித் தந்த சாமான் உன்னை மனிதக் கணக்கில் சேர்க்கவில்லை என்றா?

"மாப்ளே," என்றேன். "இது உன்னை ஃபேன்னு நெனச்சிருச்சு."

அவன் என்னைப் பார்த்தான், மேலே மின்விசிறியைப் பார்த்தான். தோள் குலுங்க ஆரம்பித்தது. குரல்வளை இல்லாதவன் சிரித்தால் சத்தம் வராது, கழுத்துத் துளையில் காற்று மட்டும் புஸ் புஸ் என்று வரும். அழுகிறானோ என்று ஒரு கணம் பயந்துவிட்டேன். கண்ணைத் துடைத்துக்கொண்டு கருவியை எடுத்துக் கழுத்தில் வைத்தான்.

"நல்லவேளை. மிக்சின்னு. நெனக்கல."

பிறகும் உடனே வழி பிறக்கவில்லை. ஆட்டத்தின் பேச்சுப் பக்கத்தில் இரைச்சல் குறைப்பு என்று ஒன்று இருக்கும், அதை அணைக்கச் சொன்னாள் பூனை. வாரம் முழுக்க அதன் மேலேயே விரலை வைத்துத் தாண்டிப் போயிருக்கிறோம். இரைச்சல் குறைந்தால் நல்லதுதானே என்று விட்டிருந்தோம். அணைத்தான். மிதித்தான். என் தலையிலிருந்த மைக்கை அவன் வாய்ப்பக்கம் திருப்பிப் பிடித்தும் கோடு படுத்தே கிடந்தது.  அவன் முகத்தைப் பார்க்காமல் சுவரைப் பார்த்தேன். அப்புறம் அவளே, ஹெட்செட்டோடு வந்த புரோகிராம் தனியாக இருக்குமே என்று கேட்டாள். அதைத் திறந்தோம். கலர் கலராக விளக்கு எரிய வைக்கிற பக்கங்களையெல்லாம் தாண்டி, மைக் என்கிற பக்கத்தில், 'தெளிவான குரல்' என்று ஒரு பொத்தான் ஜம்மென்று எரிந்துகொண்டிருந்தது. அதை அணைத்தான்.

ஹெட்செட்டைத் தன் தலைக்கு மாற்றிக்கொண்டு மிதியில் காலை வைத்தான். பச்சைக் கோடு எழுந்து நின்றது. நின்றுகொண்டே இருந்தது.

"பூனை. கேக்குதா."

ஒரு காதுப் பக்கத்தை அவன் எனக்காக வெளியே திருப்பிப் பிடித்தான். "கேக்குதுண்ணே, நீங்களும் கேக்கறீங்க, உங்க வீட்ல ஓடற ஹெலிகாப்டரும் கேக்குது" என்றாள் அவள். மின்விசிறியை நிறுத்தினேன்.

ஒரு மைக் எப்படித் தன் இஷ்டத்துக்கு எது மனிதன், எது மின்விசிறி என்று முடிவு செய்கிறது என்பது எனக்கு இன்னும் புரியவில்லை. மின்விசிறியைத் தள்ளினதைக் கூட ஒப்புக்கொள்கிறேன். அர்த்தத்தோடு வருகிற வார்த்தையை எப்படித் தள்ளியது? கடைக்காரரிடம் போய்க் கேட்டேன். அது மிக உயர்ந்த தொழில்நுட்பம் என்றார். அது எனக்குத் தெரியாதா, நான்தானே வாங்கினேன் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் போட்டி. மின்விசிறி கிடையாது, ஜன்னலும் சாத்தியிருந்தது, தெருச் சத்தம் உள்ளே வரக் கூடாது. மச்சினன் பனியனோடு உட்கார்ந்து வியர்வையில் குளித்துக்கொண்டிருந்தான். நான் பக்கத்தில் முக்காலி போட்டு உட்கார்ந்தேன், எனக்கும் ஒரு காது கொடுத்தான். திரையில் என்ன நடந்தது என்று கேட்காதீர்கள். ஓடினார்கள், சுட்டார்கள், செத்தவன் மறுபடி வந்தான். "படி. ஒண்ணு. கதவு. ரெண்டு. பூனை. பின்னால போ," என்று ஒரே சுருதியில் கால் மிதிக்க மிதிக்கச் சொல்லிக்கொண்டே இருந்தான். முதல் ஆட்டம் முடிந்தபோது அவன் ஆட்கள் காதுக்குள் கூச்சல் போட்டார்கள், ஜெயித்துவிட்டார்கள் என்று எனக்கே புரிந்தது. வேறொரு குழுவோடு ஆடிய இரண்டாவது ஆட்டம் முடிந்தபோதும் கூச்சல்தான். இதிலும் ஜெயித்தாச்சு என்று அவன் முதுகில் ஓங்கித் தட்டினேன்.

அது திட்டுகிற கூச்சல் என்று பிறகுதான் தெரிந்தது.

"வண்டண்ணே, படியில ஆள் நிக்கறான்னு முன்னாடியே சொல்றதில்லையா? நேராப் போய் அவன் மடியில விழுந்தேன்," என்றான் ஆணி.

மச்சினன் மிதியை அமுக்கினான். "சொன்னேன். நீ. உன் பெருமையப் பேசிக்கிட்டு. இருந்தே."

"நான் பேசலண்ணே, தண்ணி குடிச்சேன்."

"வாய் நிறைய. தண்ணியோட. பேசினே. எல்லாருக்கும். கேட்டுது."

பூனை சிரித்தாள். ஆணி விடவில்லை, இவனும் விடவில்லை. அந்த ஒரு தோல்வியோடு போட்டியிலிருந்து வெளியே போய்விட்டார்கள், வேறு யாரோ அடுத்த சுற்றுக்குப் போய்விட்டார்கள், இவர்கள் மட்டும் அந்தப் படியிலேயே நின்று சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். எனக்குச் சகிக்கவில்லை. உடம்பு முடியாத மனிதனை இப்படியா பேசுவது? அவன் பக்கம் சாய்ந்து, மைக்கில் இரண்டு வார்த்தை சொல்லலாம் என்று வாயைத் திறந்தேன். மச்சினன் கையை நீட்டி என் மார்பில் வைத்துத் தடுத்தான்.

"இருங்க. அத்தான். இது என். சண்டை."

பட்டறைக்குப் போக வேண்டியவன், அங்கேயே உட்கார்ந்திருந்தேன். கடைசியில் ஆணிக்கு மூச்சு வாங்கியது. அடுத்த வாரம் படிக்கு ஒரு ஆளை நிறுத்தி வையுங்கள், யாரை என்று நீங்களே இப்போதே சொல்லிவிடுங்கள், அப்புறம் என் மேல் பழி போடக் கூடாது என்றான்.

"உன்னைத்தான்," என்றான் வண்டு. "தண்ணி பாட்டில. வீட்டுக்கு வெளிய. வெச்சிட்டு வா."